கேட்டைத் தாண்டினால் யாருடைய ரசாயனம்?

சோழவரத்தில் வீடு கட்டிக் குடிவந்து பதினோரு வருஷம் ஆகிறது. சனிக்கிழமை காலையில் காரனோடை பாலத்துக்குக் கொஞ்சம் முன்னால் இருக்கிற ஒரு டீக்கடையில் நிற்பது வழக்கம். சில மாதங்களுக்கு முன் அப்படி நின்றிருந்தபோது, கடைக்கு இருபதடி தள்ளி ஓரங்கட்டியிருந்த ஒரு டேங்கர் லாரியின் பின்பக்க வால்விலிருந்து ஏதோ சொட்டிக்கொண்டிருந்தது. தண்ணீர் மாதிரிதான் இருந்தது. ஆனால் தரையில் விழுந்த இடத்தில் லேசாகப் புகைந்தது. மூக்கில் சுரீர் என்று ஏறியது.

டிரைவர் கேபினில் தூங்கிக்கொண்டிருந்தார். லாரியின் பக்கவாட்டில் ஒரு பலகை இருந்தது, அதன் மேல் சேறு. கையால் துடைத்துப் பார்த்தால் ‘ஆசிட்’ என்ற ஆங்கிலச் சொல்லும், அதற்கு முன்னால் பாதி உரிந்துபோன ஒரு பெயரும் தெரிந்தது. கீழே இரண்டு போன் நம்பர். ஒன்றில் ஒரு இலக்கம் இல்லை. இன்னொன்றைக் கூப்பிட்டேன். அந்த எண் உபயோகத்தில் இல்லை என்று பதிவு செய்த குரல் சொன்னது.

கதவைத் தட்டி எழுப்பி, எனக்குத் தெரிந்த இந்தியில் “க்யா மால் ஹை பையா?” என்றேன். “கெமிக்கல்” என்றார். அது எனக்கும் தெரியும். இறங்கி வந்து ஸ்பேனரால் ஒரு போல்ட்டை இறுக்கினார், ஒரு பாட்டில் தண்ணீரைத் தரையில் ஊற்றினார், கிளம்பிப் போய்விட்டார். மொத்தமும் பத்து நிமிஷம். யாருக்கும் ஒன்றும் ஆகவில்லை.

கடைக்கார அக்காவிடம், இந்த மாதிரி அடிக்கடி நடக்குமா என்று கேட்டேன். “வாடை வந்தா அடுப்பை விட்டுட்டுப் பின்னாடி தள்ளிப் போயிடுவோம் தம்பி. போயிடுச்சுன்னா வந்துடுவோம்” என்றார்.

அந்த பதில்தான் இந்தப் பதிவை எழுத வைத்தது. நான் சட்டம் படித்தவன் இல்லை, ரசாயனமும் படித்ததில்லை. பி.இ. முடித்துவிட்டுக் கணினி முன்னால் இருபது வருஷமாகக் குப்பை கொட்டுகிறவன். ஆனால் விதிமுறைகளைப் படிப்பது மென்பொருள் படிப்பது போலத்தான். எந்த இடத்தில் எந்த நிபந்தனை விட்டுப்போயிருக்கிறது என்று தேடுகிற வேலை. ஒரு மாதம் ராத்திரியில் உட்கார்ந்து படித்தேன். படித்ததில் எனக்கு உறுத்தியதை எழுதுகிறேன்.

முதலில் அந்தப் பலகை. 1989ஆம் ஆண்டு மத்திய மோட்டார் வாகன விதிகளில் 129 முதல் 137 வரை அபாயகரமான சரக்கைப் பற்றியது. அதில் 134வது விதிதான் பலகைக்கு உரியது. வண்டியின் இரண்டு பக்கமும் பின்னாலுமாக மூன்று இடத்தில் இருக்க வேண்டும். சரக்கின் சரியான தொழில்நுட்பப் பெயர் 50 மி.மீ. உயர எழுத்தில், ஐ.நா. வகை எண் 100 மி.மீ. உயரத்தில், வகையைக் காட்டும் அடையாளச் சீட்டு 250 மி.மீ. சதுரத்துக்குக் குறையாமல். அவசர உதவிக்கு யாரைக் கூப்பிடுவது என்பதற்குப் பெயரும் போன் நம்பரும். சரக்கை அனுப்பியவரின் நம்பர், அல்லது விஷயம் தெரிந்த வேறொருவரின் நம்பர். மில்லிமீட்டர் கணக்கில் யோசித்திருக்கிறார்கள், குறை சொல்ல முடியாது.

ஆனால் எந்த மொழியில் எழுத வேண்டும் என்று அந்த விதி சொல்லவில்லை. படிக்கப்போகிறவர் யார் என்பதும் அதில் இல்லை. நடைமுறையில் எல்லாம் ஆங்கிலம். எல்லாமே ஒரு நிபுணருக்காக எழுதியது. தீயணைப்பு வண்டி வந்து நின்று, அதிலிருந்து பயிற்சி பெற்ற ஒருவர் இறங்கி, எண்ணைப் பார்த்து, கையேட்டைப் புரட்டி, என்ன செய்வது என்று முடிவெடுப்பார் என்ற கணக்கு. அந்தக் கணக்கு தப்பில்லை. அவருக்கு அது தேவைதான். லண்டன் தீயணைப்புத் துறை 1970களில் கண்டுபிடித்த ஹாஸ்கெம் குறியீடும் அப்படிப்பட்டதுதான். பெட்ரோல் டேங்கரில் மூன்று, ஒய், ஈ என்று இருக்கும். மூன்று என்றால் நுரை அடிக்க வேண்டும். கடைசியில் வருகிற ஈ என்றால் சுற்றியிருக்கிற மக்களை வெளியேற்றுவதைப் பற்றி யோசிக்க வேண்டும். கவனித்தீர்களா? மக்களைப் பற்றிய ஒரே எழுத்து அது. அதுவும் மக்களுக்கு எழுதப்பட்டதல்ல, மக்களை வெளியேற்றப்போகிறவருக்கு எழுதப்பட்டது.

தீயணைப்பு வண்டி வந்து சேருகிற வரைக்கும் அந்த இடத்தில் இருக்கப்போவது யார்? டீக்கடை அக்கா, பஞ்சர் கடைப் பையன், பஸ்ஸுக்கு நிற்கிறவர்கள். விபத்தின் முதல் பத்துப் பதினைந்து நிமிஷம் அவர்களுடையது. பலகையில் அவர்களுக்கு ஒரு வார்த்தை கிடையாது.

“வாடை வந்தா ஓடிடு” என்பது போதாதா என்று கேட்கலாம். போதாது. எந்த ரசாயனம் என்பதைப் பொறுத்து செய்ய வேண்டியது தலைகீழாக மாறுகிறது. குளோரின் காற்றை விட இரண்டரை மடங்கு கனம். தரையோடு தவழ்ந்து பள்ளத்தில் தேங்கும். அதனால் மேட்டுக்கோ மாடிக்கோ போவது நல்லது, பள்ளத்தில் போய் ஒளிந்துகொண்டால் ஆபத்து. எல்பிஜியும் காற்றை விட கனம்தான், ஆனால் அது பற்றிக்கொள்ளும். அங்கே முதல் வேலை அடுப்பை அணைப்பது, பைக்கை ஸ்டார்ட் பண்ணாமல் இருப்பது, சுவிட்சைத் தொடாமல் இருப்பது. அப்புறம்தான் ஓட்டம். அடுப்பை எரியவிட்டுப் பின்னாடி தள்ளி நிற்கிற அக்காவின் வழக்கம் ஆசிட்டுக்குச் சரி, எல்பிஜிக்கு மரணம். அம்மோனியா தண்ணீரில் சட்டென்று கரையும். ஈரத்துணியை மூக்கில் கட்டிக்கொண்டு காற்று வீசும் திசைக்குக் குறுக்காக விலகிப் போனால் பிழைக்கிற வாய்ப்பு கூடும். இதில் எதுவும் நிபுணத்துவம் இல்லை. ஆறாம் வகுப்புப் பிள்ளைக்கும் புரியும். புரியும்படி யாரும் சொன்னதில்லை, அவ்வளவுதான்.

கேரளாவில் கண்ணூர் பக்கம் சாலா என்ற இடத்தில் 2012 ஆகஸ்ட் 27 அன்று ராத்திரி ஒரு எல்பிஜி டேங்கர் நடுத்தடுப்பில் மோதிக் கவிழ்ந்தது. கவிழ்ந்தவுடன் வெடிக்கவில்லை. வாயு முதலில் சாலையோர வீடுகளுக்குள் பரவியது, பிறகு பற்றியது. 20 பேர் வரை இறந்தார்கள். கவிழ்வதற்கும் பற்றுவதற்கும் இடையில் இருந்த அந்த நிமிஷங்களைத்தான் நான் சொல்கிறேன். ஜெய்ப்பூர் அருகே 2024 டிசம்பர் 20 அன்று யு-டர்ன் எடுத்த எல்பிஜி டேங்கர் மீது லாரி மோதியபோதும் வாயு சாலை முழுக்கப் பரவித்தான் தீப்பிடித்தது. அங்கேயும் சாவு அதே அளவுக்கு.

நம்ம ஊரில் நல்லபடியாக முடிந்த ஒன்றும் உண்டு. 2025 ஜனவரி 3 விடியற்காலை கோயம்புத்தூர் அவினாசி சாலை மேம்பாலத்தில், கொச்சியிலிருந்து வந்த 18 டன் எல்பிஜி டேங்கர் முன்பகுதியிலிருந்து கழன்று கவிழ்ந்து வாயு கசிந்தது. சுற்றி 500 மீட்டருக்குள் இருந்த பள்ளிகளுக்கு விடுமுறை விட்டார்கள், தீயணைப்புத் துறை மணிக்கணக்கில் தண்ணீர் அடித்துக்கொண்டே இருந்தது, டேங்கரை நிமிர்த்தி அனுப்பினார்கள். பாராட்ட வேண்டிய வேலை. ஆனால் அது மாநகரத்தின் நடுவில், ஆள் நடமாட்டம் குறைந்த விடியற்காலையில் நடந்தது. அதே டேங்கர் சாயங்காலம் ஆறு மணிக்கு, ஷேர் ஆட்டோக்களும் டிபன் கடைகளுமாக இருக்கிற ஒரு கூட்டு ரோட்டில் கவிழ்ந்திருந்தால் என்று யோசித்துப் பாருங்கள்.

இனி எனக்கு மிகவும் உறுத்திய இடம். பலகை மோசமாக எழுதப்பட்டிருப்பது தற்செயல் இல்லை என்று படிக்கப் படிக்கத் தோன்றியது.

போபாலுக்குப் பிறகு வந்த முக்கியமான விதி 1989இன் அபாயகர ரசாயனங்கள் தயாரிப்பு, சேமிப்பு, இறக்குமதி விதிகள். அதில் 15வது விதி அருமையான விதி. பெரிய அளவில் ஆபத்தான ரசாயனம் வைத்திருக்கும் ஆலைக்காரர், ஆலைக்கு வெளியே பாதிக்கப்படக்கூடிய மக்களுக்கு என்ன மாதிரி ஆபத்து வரலாம், வந்தால் என்ன செய்ய வேண்டும், என்ன செய்யக் கூடாது என்பதைத் தானாக முன்வந்து தெரிவிக்க வேண்டும். கேட்டால் சொல்வது இல்லை, கேட்காமலே சொல்ல வேண்டும். இந்தியச் சட்டத்தில் சாதாரண மனிதனை இவ்வளவு மரியாதையாக நடத்துகிற வரி அபூர்வம்.

சரி, இதில் லாரி வருகிறதா? ‘தொழில் செயல்பாடு’ என்பதற்கான விளக்கத்தில் போக்குவரத்து என்ற சொல் இருக்கிறது. ஆனால் அது ஆலை வளாகத்துக்குள் நடக்கும் போக்குவரத்து. குழாய்வழியும் தனியாகச் சேர்க்கப்பட்டிருக்கிறது. பின்னால் வந்த இன்னொரு விளக்கத்தில், பெரும் விபத்து அபாயம் உள்ள நிலையங்களைச் சொல்லும்போது, வாகனம் அல்லது குழாய் மூலம் கொண்டு செல்வது உட்பட என்று அடைப்புக்குறிக்குள் ஒரு வார்த்தை வருகிறது. அடடா என்று நிமிர்ந்து உட்கார்ந்தேன். ஆனால் அந்த வாக்கியம் ஓர் இடத்தில் நடக்கும் செயல்பாட்டைப் பற்றியது. 15வது விதியும் அந்த இடத்துக்கு வெளியே இருப்பவர்களுக்குச் சொல் என்கிறது. நெடுஞ்சாலைக்கு இடம் ஏது? மணிக்கு 60 கிலோமீட்டரில் நகர்ந்துகொண்டே இருக்கிற ஒன்றுக்கு வெளியே என்று எதைச் சொல்வது? அடைப்புக்குறிக்குள் லாரியை ஏற்றினார்கள், இறக்கிவிட இடம் வைக்கவில்லை.

ஆக, டேங்கர் ஆலையின் கேட்டுக்குள் இருக்கும் வரை அதில் என்ன இருக்கிறது என்பதை அக்கம்பக்கத்துக்காரருக்குச் சொல்லும் கடமை ஒருவருக்கு இருக்கிறது. கேட்டைத் தாண்டிய நொடியில் அது மோட்டார் வாகன விதிக்குள் போய்விடுகிறது. அங்கே என்ன இருக்கிறது? டிரைவருக்கு மூன்று நாள் பயிற்சி (9வது விதி). ஓர் இந்திய மொழியும் ஆங்கிலமும் படிக்க எழுதத் தெரிந்திருக்க வேண்டும். சரக்கின் விவரங்களை டிரெம் கார்டு என்ற அட்டையில் எழுதி கேபினில் வைத்திருக்க வேண்டும் (133). விபத்து நடந்தால் உடனே பக்கத்துப் போலீஸ் ஸ்டேஷனுக்கும் வண்டியின் சொந்தக்காரருக்கும் தெரிவிக்க வேண்டும் (136). போலீஸுக்குச் சொல், முதலாளிக்குச் சொல். பக்கத்தில் நிற்கிறவர்களுக்குச் சொல் என்று ஒரு வரி இல்லை. அந்த அட்டையும் கேபினுக்குள் இருக்கிறது. வண்டி கவிழ்ந்து வாயு கசியும்போது யாரும் போய்த் தொட முடியாத ஒரே இடம் அதுதான். மென்பொருளில் இப்படி ஒன்றை எழுதினால், சர்வர் விழுந்தால் எப்படி எழுப்புவது என்ற குறிப்பை அதே சர்வரில் வைத்த கதை என்று சிரிப்போம்.

இதற்கு நேரெதிராக ஒன்று. 1991இன் பொதுப் பொறுப்புக் காப்பீட்டுச் சட்டம், அதுவும் போபாலின் பிள்ளைதான், ரசாயனத்தைக் ‘கையாளுதல்’ என்பதில் வாகனத்தில் கொண்டு செல்வதையும் தெளிவாகச் சேர்த்திருக்கிறது. அதாவது செத்த பிறகு நஷ்டஈடு கொடுக்கும்போது லாரி கணக்கில் வருகிறது. சாவதற்கு முன் தகவல் கொடுக்கும்போது வருவதில்லை. இரண்டையும் எழுதியது ஒரே அரசாங்கம், இரண்டு வருஷ இடைவெளியில்.

இந்தக் கேட்டுக்கு வெளியே என்ற மனநிலை சட்டத்தில் மட்டும் இல்லை, நம்மிடமும் இருக்கிறது. 2020 ஆகஸ்ட் 4 பெய்ரூட் துறைமுகத்தில் 2,750 டன் அம்மோனியம் நைட்ரேட் வெடித்தது ஞாபகம் இருக்கும். அடுத்த இரண்டு மூன்று நாளில் மணலியில் ஒரு கண்டெய்னர் கிடங்கில் 2015இல் சுங்கத்துறை பறிமுதல் செய்த அதே சரக்கு, சுமார் 697 டன், 37 கண்டெய்னர்களில் கிடக்கிறது என்று தெரிந்து எல்லோரும் பதறினோம். நானும்தான். ஆகஸ்ட் 9 ஞாயிற்றுக்கிழமை முதல் பத்து கண்டெய்னர் ஹைதராபாத்துக்குக் கிளம்பியது. டிவியில் பார்த்து நிம்மதிப் பெருமூச்சு விட்டோம். போயிடுச்சு.

எங்கே போயிற்று? மணலியிலிருந்து ஹைதராபாத் போகிற லாரிக்கு இயல்பான வழி செங்குன்றம், பாடியநல்லூர், சோழவரம், காரனோடை, ஜனப்பன்சத்திரம், தச்சூர், கவரைப்பேட்டை, கும்மிடிப்பூண்டி என்று போகும் கொல்கத்தா நெடுஞ்சாலைதான். அந்த ஞாயிற்றுக்கிழமை நான் வீட்டு மொட்டை மாடியில் துணி காயப்போட்டுக்கொண்டு இருந்திருப்பேன். உரிய ஏற்பாடுகளோடு போகும் அம்மோனியம் நைட்ரேட் சும்மா வெடிக்காது என்பது உண்மை, பயமுறுத்த இதைச் சொல்லவில்லை. கிடங்கில் இருந்தபோது ஏழு வருஷத்துக்கு அது எங்கே, எவ்வளவு, யாருடையது என்று நாடு முழுக்கக் கேட்டது. சாலையில் ஏறிய பிறகு, அந்தச் சாலையோரத்தில் குடியிருக்கும் நானே கேட்கவில்லை.

திருத்தம்: ஏழு இல்லை, ஐந்து வருஷம். 2015லிருந்து 2020. பதிவைப் படித்துப் பார்த்த மனைவி கண்டுபிடித்தது.

விதி இருந்தால் மட்டும் எல்லாம் சரியாகிவிடுமா என்றால், அதுவும் இல்லை. 2023 டிசம்பர் 26 நள்ளிரவு நெருங்கும் நேரத்தில் எண்ணூரில், கப்பலிலிருந்து கோரமண்டல் ஆலைக்கு அம்மோனியா கொண்டுவரும் கடலடிக் குழாய் கசிந்தது. குழாய்வழி அந்த 1989 விதிகளுக்குள் நேரடியாக வரும் விஷயம். பெரியகுப்பம், சின்னகுப்பம் மக்கள் தூக்கத்திலிருந்து எழுந்து மூச்சுத்திணறி, என்ன வாடை, எந்தப் பக்கம் ஓடுவது என்று தெரியாமல் இருட்டில் ஓடினார்கள். ஐம்பதுக்கும் மேற்பட்டவர்கள் ஆஸ்பத்திரிக்குப் போனார்கள். சுமார் 15 நிமிஷத்தில் 67.6 டன் அம்மோனியா வெளியேறியதாகத் தொழில்நுட்பக் குழு கணக்கிட்டது. மிக்ஜாம் புயலில் பாறைகள் நகர்ந்து குழாயைச் சேதப்படுத்தியிருக்கலாம் என்றது. கேட்டாமலே சொல்ல வேண்டும் என்று விதி இருக்கிற இடத்திலேயே இந்த நிலைமை என்றால், விதியே இல்லாத சாலையில் என்ன எதிர்பார்ப்பது என்று சிலர் கேட்பார்கள். நான் இதை வேறு மாதிரி பார்க்கிறேன். எண்ணூரில் மீறப்பட்ட கடமை என்று ஒன்றைச் சுட்டிக்காட்ட முடிந்தது. பசுமைத் தீர்ப்பாயம் தானாக முன்வந்து விசாரித்தது, மாசுக் கட்டுப்பாட்டு வாரியம் 5.92 கோடி ரூபாய் இழப்பீடு விதித்தது. காரனோடையில் அந்த மாதிரி ஏதாவது நடந்தால், யார் எதைச் சொல்லாமல் விட்டார்கள் என்று கேட்கக்கூட நமக்கு ஒரு வரி கிடையாது.

எதிர்வாதங்களையும் சொல்லிவிடுகிறேன். ஐந்து மாநிலம் கடக்கிற லாரியில் ஐந்து மொழியில் எழுத முடியாது. சரிதான். நானும் லாரியில் எழுதச் சொல்லவில்லை. லாரிகள் மாறும், சாலை மாறாது. எண்ணூர், மணலி, கும்மிடிப்பூண்டி சிப்காட் இந்த மூன்றுக்கும் இடையில் என்னென்ன சரக்கு ஓடுகிறது என்பது ஆலைகளுக்கும் மாவட்ட நிர்வாகத்துக்கும் தெரியாத ரகசியம் இல்லை. ஒரு பத்துப் பதினைந்து வகைக்குள் அடங்கும். படமும் இரண்டு வரித் தமிழுமாக ஒரு பலகை, ஒவ்வொரு கூட்டு ரோட்டிலும் பஸ் நிறுத்தத்திலும். 1996இன் ரசாயன விபத்து விதிகள்படி கலெக்டர் தலைமையில் மாவட்ட நெருக்கடிக் குழு ஏற்கெனவே இருக்க வேண்டும். புதிதாக ஓர் அலுவலகம் திறக்க வேண்டியதில்லை. இன்னொரு வாதம், மக்களுக்குச் சொன்னால் பீதியாவார்கள் என்பது. எண்ணூரில் மக்கள் பீதியானது தெரிந்ததாலா, தெரியாததாலா?

வழித்தடம் என்பது அடுத்த கேள்வி. 1978 ஜூலை 11 அன்று ஸ்பெயினில் லாஸ் அல்ஃபாகெஸ் என்ற கடற்கரை முகாம் அருகே, அளவுக்கு மீறி புரொப்பிலீன் ஏற்றிய டேங்கர் வெடித்து 217 பேர் இறந்தார்கள். சுங்கக் கட்டணச் சாலையைத் தவிர்த்து ஊர் வழியாக வந்த லாரி. அதற்குப் பிறகு அங்கே இப்படிப்பட்ட சரக்கு ஊருக்குள் போவதைக் கட்டுப்படுத்தினார்கள். நம்மிடம் மீஞ்சூர்–வண்டலூர் வெளிவட்டச் சாலை இருக்கிறது, 62 கிலோமீட்டர், சோழவரம் பக்கத்திலேயே கொல்கத்தா சாலையைத் தொடுகிறது. தெற்கே போகும் டேங்கருக்கு அது நல்ல வழி. வடக்கே ஆந்திரா போகிறதுக்கு எங்கள் ஊரை விட்டால் வழியில்லை, அதை ஒப்புக்கொள்கிறேன். சோழவரம் ஏரி இந்த நெடுஞ்சாலைக்குப் பக்கத்தில்தான் இருக்கிறது. 1,081 மில்லியன் கன அடி, சென்னை குடிக்கிற தண்ணீர். செங்குன்றத்தில் புழல் ஏரியும் அப்படியே. காரனோடை பாலத்துக்குக் கீழே கொசஸ்தலை ஆறு. இந்தத் துண்டில் ஒரு டேங்கர் கவிழ்ந்தால் அது சோழவரத்துக்காரன் பிரச்சினை மட்டும் இல்லை என்பதைச் சென்னை நண்பர்கள் கவனிக்கவும்.

போன வாரம் ஒரு அட்டையில் தமிழில் எழுதி, வழவழப்பான உறை போட்டு, அக்காவிடம் கொடுத்தேன். சிவப்புக் கட்டத்தில் தீச்சுடர் போட்டிருந்தால் எரியும் வாயு, முதலில் அடுப்பை அணைக்கவும். வெள்ளைக் கட்டத்தில் மண்டை ஓடு இருந்தால் விஷவாயு, ஈரத்துணி கட்டி, காற்று வரும் வழிக்குக் குறுக்காக விலகவும், பள்ளத்தில் இறங்க வேண்டாம். கையில் திரவம் சொட்டுகிற மாதிரி படம் இருந்தால் ஆசிட், கிட்டே போக வேண்டாம், தண்ணீர் ஊற்றப் பார்க்க வேண்டாம். கீழே 112.

அக்கா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு முழுசாகப் படித்தார். “நல்லாத்தான் எழுதியிருக்க. ஆனா தம்பி, அந்தக் கட்டமெல்லாம் சேறா இல்ல கிடக்கும், அன்னைக்கு நீயே தொடச்சுத்தானே பார்த்த?” என்றார்.

ஆமாம். அந்த மூலையை நான் யோசிக்கவில்லை. அட்டை இப்போது பிஸ்கட் பாட்டில்களுக்குப் பின்னால் சாய்த்து வைக்கப்பட்டிருக்கிறது. மாவட்ட நெருக்கடிக் குழுவின் திட்டத்தில் இந்தச் சாலை வருகிறதா என்று கேட்டு ஒரு தகவல் அறியும் உரிமை மனு எழுதி முடித்திருக்கிறேன். திங்கட்கிழமை தபாலில் போடுகிறேன்.